கருஞ்சீரகம் பதராய்ப் போன வருஷம்

மருந்துத் தொழிற்சாலையின் மூலிகைத் தோட்டத்துக்குப் பெரியவள் வந்து பதினான்கு வருஷம் ஆகியிருந்தது. அவள் வந்தபோது அது உடைந்த செங்கல்லும் சிமென்ட் சாக்கும் கிடந்த பொட்டல். இப்போது நூல் பிடித்தாற்போலப் பாத்திகள், வரிசைக்கு வரிசை சொட்டுநீர்க் குழாய், ஒரு களை தலைகாட்ட முடியாது. தொழிற்சாலைக்கு யார் வந்தாலும் மேனேஜர் முதலில் தோட்டத்துக்குத்தான் கூட்டி வருவார். "இவங்க கைராசிக்காரங்க, கல்லை நட்டாலும் துளிர்க்கும்" என்று அவளைக் காட்டிச் சொல்வார். அந்த ஒரு வார்த்தைக்காக அவள் இன்னும் பதினான்கு வருஷம் குனிந்து நிமிரத் தயாராக இருந்தாள்.

சின்னவள் அவளுக்கு ஓரகத்தி. அண்ணன் தம்பி இருவருக்கும் அதே தொழிற்சாலையில்தான் வேலை. பெரியவளின் புருஷன் வேன் ஓட்டினான், தம்பி பாய்லரைப் பார்த்துக்கொண்டான். வீடும் ஒன்றுதான். கீழே பெரியவள் குடும்பம், மாடியில் சின்னவள் குடும்பம். கல்யாணமாகி வந்த புதிதில் சின்னவளைத் தோட்ட வேலைக்குச் சொல்லிவிட்டதே பெரியவள்தான். வீட்டில் சும்மா உட்கார்ந்திருந்தால் வீட்டின் கடிவாளம் அவள் கைக்குப் போய்விடும் என்பது ஒரு காரணம். 'ஏம்மா, இதைச் செய், அதைச் செய்' என்று ஏவுவதற்குத் தனக்குக் கீழே ஒருத்தி இருப்பாள் என்பது இன்னொரு காரணம். இரண்டையும் அவள் வெளியே சொன்னதில்லை.

சின்னவளுக்கு அவள் ஒதுக்கிக் கொடுத்தது மதிலுக்கு அப்பால் ஓடைக்கரையை ஒட்டிக் கிடந்த ஒரு துண்டு நிலம். கல், முள், பேர் தெரியாத காட்டுச் செடிகள், எப்போதோ வெட்டிப் போட்ட மரக்கட்டைகள், நடுவே மழை அரித்து நின்ற செம்மண் மேடு ஒன்று. "அமுக்கரா போட்டுப் பாரும்மா. வந்தா வருது, வராட்டி போகுது" என்றாள். வராது என்றுதான் நினைத்தாள். கையைப் பிசைந்துகொண்டு தன்னிடம் வந்து நிற்பாள், அப்போது பெரிய மனது பண்ணி உள்ளே ஒரு பாத்தி கொடுக்கலாம் என்று கணக்குப் போட்டிருந்தாள்.

சின்னவள் வந்து நிற்கவில்லை. விதைக்கு வேண்டிய அளவுக்கு மட்டும் அங்கங்கே கொத்திவிட்டு, மீதியை அப்படியே விட்டுவிட்டாள். குழாய் இழுக்கவில்லை, உரம் கேட்கவில்லை. ஒருநாள் பெரியவள் மதிலின் கதவைத் திறந்து எட்டிப் பார்த்தாள்.

"என்னம்மா இது, தோட்டமா புதரா?"

"இருக்கட்டும்க்கா. அது பாட்டுக்கு அது இருக்கு, இது பாட்டுக்கு இது இருக்கு."

சோம்பேறித்தனத்துக்கு இப்படியும் ஒரு பேரா என்று பெரியவள் சிரித்துக்கொண்டே வந்துவிட்டாள்.

சிரிப்பெல்லாம் ஆய்வுக்கூடத்திலிருந்து தாள் வரும் வரையில்தான்.

அமுக்கரா வேரை மாத்திரைக்கு அனுப்புமுன் இரண்டு இடத்து வேரையும் சோதித்திருந்தார்கள். பெரியவளின் வேர்கள் நீளமாக, வழவழப்பாக, படம் பிடித்து மாட்டலாம் போல இருந்தன. சின்னவளுடையவை கோணல்மாணலாக, சுண்டுவிரல் தடிமன்கூட இல்லாமல், சண்டைக்குப் போய் அடிபட்டு வந்தவை போல இருந்தன. ஆனால் மருந்துச் சத்து அந்தக் கோணல் வேரில்தான் இரண்டு மடங்கு.

ஆய்வுக்கூடத்து அம்மா கண்ணாடியை நெற்றியில் ஏற்றி வைத்துக்கொண்டு மேஜை முழுக்க அதைத் தேடுகிற ரகம். அன்றைக்கும் தேடிக்கொண்டேதான் விளக்கினார்.

"செடி மருந்து செய்யறது நமக்காக இல்லைங்க. தன்னைக் காப்பாத்திக்கத்தான். தண்ணி பத்தலை, பூச்சி கடிக்குது, பக்கத்துச் செடி இடத்தைப் பிடிக்குது, அப்பதான் அது வேருக்குள்ள கசப்பை ஏத்தும். உங்க பாத்தியில அதுக்கு என்ன கவலை? வேளாவேளைக்குத் தண்ணி, உரம். மாப்பிள்ளை மாதிரி கவனிச்சிருக்கீங்க. அது நல்லாச் சாப்பிட்டுட்டுத் தூங்கிடுச்சு."

எல்லோரும் சிரித்தார்கள். பெரியவளும் சிரித்தாள். சிரிப்பு உதட்டைத் தாண்டி உள்ளே போகவில்லை.

"அப்ப இனிமே மாத்திரைக்கு மதிலுக்கு அந்தப் பக்கத்து வேர்தான்" என்றார் மேனேஜர். சின்னவளைப் பார்த்து, "எப்படிம்மா இது?" என்றார்.

"நான் ஒண்ணும் பண்ணலைங்க" என்றாள் சின்னவள்.

அதுதான் பெரியவளை அறுத்தது. பாடுபட்டு ஜெயித்திருந்தால்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பாள். ஒன்றும் பண்ணாமல் ஒருத்தி எப்படித் தன் பதினான்கு வருஷத்தை ஒரே தாளில் தாண்டிப் போகலாம்?

வீட்டுக்கு வந்தால் அங்கும் அதே பேச்சு. "சின்னவ ஏதோ சாதிச்சுட்டாளாமே, வேன் ஷெட்டு வரைக்கும் அதே பேச்சு" என்றான் புருஷன், செருப்பைக் கழற்றிக்கொண்டே. "நம்ம வீட்டுப் பொண்ணுதானே. சந்தோஷம்தானே?"

"சந்தோஷம்தான்" என்றாள். அந்தச் சந்தோஷம் மீன்முள்ளைப் போல தொண்டையில் குறுக்கே நின்றது. விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை.

பத்து வயதான மகள் ஏற்கெனவே சித்தி பைத்தியம். பள்ளிக்கூடம் விட்டால் தொழிற்சாலைக்கு வருவாள். முன்பெல்லாம் நேரே அம்மாவிடம் வருவாள். இப்போது புத்தகப் பையை அம்மாவின் காலடியில் போட்டுவிட்டு, மதில் கதவைத் திறந்துகொண்டு ஓடிவிடுவாள். அந்தப் பக்கத்திலிருந்து இருவரும் எதையோ எண்ணுகிற சத்தம் கேட்கும். முப்பத்தொன்று, முப்பத்திரண்டு என்று. என்ன எண்ணுகிறார்கள் என்று பெரியவள் கேட்கவில்லை. கேட்டால் ஆசையாகக் கேட்பதாக ஆகிவிடும்.

அவளும் முயன்று பார்த்தாள், இல்லையென்று சொல்லக்கூடாது. யாருக்கும் தெரியாமல் தன் அமுக்கராப் பாத்திக்குக் குழாயை அடைத்தாள். நாலாம் நாள் இலை தொங்கியது. ஆறாம் நாள் உச்சி வெயிலில் அந்தச் செடிகள் நின்ற கோலத்தைப் பார்க்கச் சகிக்காமல், ஓடிப்போய்க் குழாயைத் திறந்துவிட்டு அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். பெற்ற பிள்ளையைப் பட்டினி போட்டது போல இருந்தது. சின்னவளுக்கு மட்டும் எப்படி மனசு கல்லாக இருக்கிறது என்று, அதையும் அவள்மேலேயே பழியாகப் போட்டாள்.

அந்தச் சமயத்தில்தான் சின்னவளின் அம்மா வழுக்கி விழுந்து காலை உடைத்துக்கொண்டாள். சின்னவள் ஒரு வாரம் விடுப்பு எழுதிக் கொடுத்துவிட்டுப் பிறந்த வீட்டுக்குக் கிளம்பினாள். "அக்கா, என் இடத்தைக் கொஞ்சம் பார்த்துக்கங்க" என்று போகிற போக்கில் சொல்லிவிட்டும் போனாள்.

பெரியவள் நன்றாகவே பார்த்துக்கொண்டாள். மதிலோரம் பாம்பு நடமாட்டம் இருப்பதாகவும், வேலையாட்களின் பாதுகாப்புக்காக அந்த இடத்தைச் சுத்தம் செய்ய வேண்டும் என்றும் ஒரு தாளில் எழுதி மேனேஜரிடம் நீட்டினாள். அவர் படிக்காமலேயே கையெழுத்துப் போட்டார். மறுநாள் காலை இரண்டு பேர் இயந்திரத்தோடு வந்தார்கள். அமுக்கரா வரிசைகளை மட்டும் விட்டுவிடச் சொன்னாள். அவள் முட்டாள் இல்லை, பயிரைத் தொட்டால் கேள்வி வரும். மற்றதெல்லாம் போயிற்று. காட்டுச் செடிகளை அடியோடு அறுத்தார்கள். மரக்கட்டைகளைத் தள்ளுவண்டியில் ஏற்றி பாய்லருக்கு அனுப்பினார்கள். செம்மண் மேட்டை வழித்துத் தரையோடு தரையாக்கினார்கள். கடைசியாக அமுக்கரா வரிசைகளில் படாமல் களைக்கொல்லி அடித்தார்கள்.

பெரியவள் குடை பிடித்துக்கொண்டு முழுக்க நின்று பார்த்தாள். அரிக்கிற இடத்தை நன்றாகச் சொறிந்தாற்போல ஒரு சுகம். மேட்டை வழிக்கும்போது மண்ணில் துளைத் துளையாகத் தெரிந்தது. "பாத்தீங்களா, வளை!" என்று அவர்களிடம் சொன்னாள். சொல்லும்போதே அவ்வளவு சின்னத் துளையில் பாம்பு இருக்காது என்று அவளுக்குத் தெரியும்.

சின்னவள் திரும்பி வந்து மதில் கதவைத் திறந்தவள் வெகுநேரம் உள்ளே காலெடுத்து வைக்கவில்லை.

"அக்கா, மேடு எங்கே?"

"பாம்பு வளைம்மா. ஓட்டை ஓட்டையா இருந்துச்சு. உன் நல்லதுக்குத்தான்."

"பென்சில் நுழையற ஓட்டையில பாம்பு எங்கேக்கா நுழையும்?"

அவ்வளவுதான். ஆனால் அன்றிலிருந்து மாடிப்படியில் சின்னவளின் காலடி கீழ்வீட்டு வாசலில் நிற்காமல் போயிற்று.

பெரியவளுக்கு அது ஒன்றும் பெரிதாகப் படவில்லை. ஏனென்றால் அவளுடைய கருஞ்சீரகம் பூக்கத் தொடங்கியிருந்தது. தோட்டத்தின் பாதியை அடைத்துக்கொண்டிருந்த பயிர் அது. அதன் விதையிலிருந்துதான் தொழிற்சாலையின் பேர்போன தைலம் வடித்தார்கள். அடுத்த வருஷத்துக்கான விதையும் அதிலிருந்தே எடுப்பார்கள். மெல்லிய நீலப் பூக்கள் வரிசை வரிசையாக நின்றன. இந்தப் பயிரில் தன்னை மிஞ்ச ஆள் பிறந்து வரவேண்டும் என்று நினைத்துக்கொண்டாள்.

அந்த நாட்களில் சின்னவள் காலை வேளையில் கருஞ்சீரகப் பாத்தியின் கோடியில், மதிலை ஒட்டிய இரண்டு வரிசைகளுக்கு நடுவே குனிந்திருப்பதை அவள் இரண்டு மூன்று முறை பார்த்தாள்.

"அங்க என்னம்மா பண்றே?"

"சும்மா பூ பாக்கறேன்க்கா."

தான் திருடி பிறரை நம்பாள் என்பார்கள். பெரியவளுக்குச் சந்தேகம் தட்டியது. பழிக்குப் பழி வாங்குகிறாளோ? உப்பைக் கிப்பைத் தூவுகிறாளோ? சின்னவள் போனபின் அந்த வரிசைகளை முகர்ந்து பார்த்தாள், மண்ணை நாக்கில் வைத்துக்கூடப் பார்த்தாள். மண் மண்ணாகத்தான் இருந்தது.

ஒரு விடுமுறை நாளில் மகள் சாப்பாட்டுப் பையோடு தோட்டத்துக்கு வந்தாள். பூக்களுக்கு நடுவே நின்று தலையைச் சாய்த்துக் காது கொடுத்தாள்.

"அம்மா, ஏன் சத்தமே இல்லை?"

"என்ன சத்தம்?"

"தேனீ சத்தம். போன வருஷம் இந்த நேரத்துக்கு இங்க ஙொய்ன்னு இருக்குமே." பிறகு தனக்குத்தானே பதில் சொல்வது போலச் சொன்னாள்: "அதுங்களுக்குத்தான் வீடு இல்லையே. மண்மேட்டுல ஒவ்வொண்ணுக்கும் தனித்தனி ஓட்டை இருந்துச்சும்மா. நானும் சித்தியும் எண்ணினோம், நூத்துப் பதினாலு. கட்டைக்குள்ள கறுப்பா பெருசா இருக்குமே, அது வேற. காலையில உன் பூவுக்கு வரும், சாயங்காலம் அங்க போயிடும். உன் பூ முடிஞ்சா அந்தக் காட்டுப்பூவைச் சாப்பிடும். இப்ப எங்க போச்சோ."

பெரியவள் கையில் இருந்த டம்ளரைக் கீழே வைத்தாள். பதினான்கு வருஷம் அந்தப் பூக்களின் மேல் ஏதோ பறந்ததை அவள் பார்த்துத்தான் இருந்தாள். மழையைப் போல, வெயிலைப் போல, அது தானாக வருகிற ஒன்று என்று இருந்துவிட்டாள். எங்கிருந்து வருகிறது என்று ஒருநாளும் கேட்டதில்லை. எதிரிக்குச் சகுனத்தடை பண்ண நினைத்துத் தன் மூக்கையே அறுத்துக்கொண்டாயிற்று. மூக்கில்லாத முகத்தோடு இனி எத்தனை நாள் மறைந்து திரிவது?

அவள் யாரிடமும் சொல்லவில்லை. கண்ணுக்குப் பட்ட ஒன்றிரண்டு தேனீக்களைப் பார்த்து, போதும், இதுகள் போதும் என்று மனசைத் தேற்றிக்கொண்டாள். பூ உதிர்ந்தது. காய் பிடித்தது. காய்கள் பார்வைக்கு ஒழுங்காகத்தான் இருந்தன. ஒன்றைப் பறித்து நசுக்கினாள். உள்ளே அறைக்கு இரண்டு மூன்று கறுப்பு விதைகள், மீதி எல்லாம் வெளிறிய பதர். இன்னொன்றை நசுக்கினாள். அதுவும் அப்படியே. வீட்டுக்குப் போய்த் தலைவலி என்று சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டாள்.

அறுவடைக்கு நாலு நாள் முன்னால் மேனேஜர் ஆய்வுக்கூடத்து அம்மாவோடு தோட்டத்துக்கு வந்தார். சின்னவளும் கூடையோடு பின்னால் நின்றாள். மேனேஜர் நடந்துகொண்டே காய்களைக் கசக்கி ஊதினார். பதர் பறந்தது. அவர் முகம் மாறிக்கொண்டே வந்தது.

"என்னங்க இது? விதைக் கோளாறா, உரக் கோளாறா? பாதிகூடத் தேறாதே!"

நடந்து நடந்து மதிலோரத்துக் கடைசி இரண்டு வரிசைகளுக்கு வந்தார்கள். மேனேஜர் ஒரு காயைக் கசக்கினார். உள்ளங்கை நிறைய விதை கொட்டியது, கறுகறுவென்று. இன்னொன்று. அதுவும் அப்படியே. அந்த இரண்டு வரிசை முழுக்க மணி பிடித்திருந்தது.

"அடேயப்பா!" என்றார். "இதுக்கு மட்டும் என்ன செஞ்சீங்க? அதைச் சொல்லுங்க, அடுத்த தடவை எல்லாத்துக்கும் செஞ்சிடலாம். கைராசின்னா சும்மாவா!"

அவர் கேட்டது பெரியவளைப் பார்த்து. ஒரு நொடியில் அவளுக்கு விளங்கிவிட்டது. காலை வேளை, குனிந்த முதுகு, 'சும்மா பூ பாக்கறேன்க்கா.' தேனீ செய்ய வேண்டியதைக் கையால் செய்திருக்கிறாள். சின்னவள் கூடைப்பிடியைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அவள் வாயைத் திறக்கப் போவதில்லை என்பது தெரிந்தது. ஒரு பொய் கூடச் சொல்ல வேண்டாம், சும்மா தலையை ஆட்டினால் போதும், பேர் தனக்கு.

ஆனால் அந்தப் பேர் வேண்டாம் என்று பெரியவளுக்குப் பட்டது. என் பாத்தியில், என் செடியில், நான் போட்ட உரத்தில்கூட அவள் தொட்ட வரிசைதான் ஜெயித்திருக்கிறது. இதை வாங்கி மடியில் கட்டிக்கொண்டால், மாடிப்படியில் அவள் காலடி கேட்கும்போதெல்லாம் இவள் போட்ட பிச்சை என்று நினைவு வருமே. சாகும்வரை அவளுக்குக் கீழேதானே?

"அது நான் செஞ்சது இல்லைங்க" என்றாள். குரல் தன்னுடையதாக இல்லை. "அவ செஞ்சது. மத்ததெல்லாம் பதராப் போனதுக்கு நான்தான் காரணம். மதிலுக்கு அந்தப் பக்கம் தேனீ குடியிருந்த மேட்டை நான்தான் வழிக்கச் சொன்னேன். பாம்புன்னு எழுதிக் கொடுத்தது பொய்."

"பொய்யா? எதுக்குங்க?"

எதற்கு என்றால் என்னவென்று சொல்வது? "வயித்தெரிச்சல்ங்க" என்றாள். அதைவிடச் சுருக்கமாக அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை.

ஆய்வுக்கூடத்து அம்மா நெற்றியில் இருந்த கண்ணாடியை முதல் தடவையாகத் தேடாமலே எடுத்துப் போட்டுக்கொண்டு அவளைப் பார்த்தார். மேனேஜர் உள்ளங்கை விதையைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு நடந்துவிட்டார்.

பெரியவளும் சின்னவளும் தண்ணீர்த் தொட்டியருகே கை கழுவினார்கள்.

"எதுக்கும்மா அந்த ரெண்டு வரிசையைக் காப்பாத்தினே?" என்றாள் பெரியவள். "நல்லவள்னு பேர் வாங்கவா?"

சின்னவள் கையை உதறினாள். "நல்லவளும் இல்லை ஒண்ணும் இல்லை. நல்ல மனசா இருந்தா எல்லா வரிசையையும் செஞ்சிருக்க மாட்டேனா? மை போடற குச்சியில பஞ்சைச் சுத்தி, ஒரு பூவோட தூளை இன்னொரு பூவுல தடவி, ரெண்டு வரிசைக்கு மட்டும் செஞ்சேன். பக்கத்துல பக்கத்துல வெச்சுப் பார்த்தா வித்தியாசம் பளிச்சுன்னு தெரியணும். நீங்க பண்ணினது ஊருக்கே தெரியணும்னுதான் செஞ்சேன், கடைசியில சொல்ல எனக்குத்தான் வாய் வரலை."

பெரியவள் குழாயை மூடினாள்.

"நீங்க மட்டும்தான் வயிறெரிவீங்கன்னு நெனப்பா?" சின்னவளின் கண் கலங்கியிருந்தது. கோபமா அழுகையா என்று தெரியவில்லை. "நான் நூறு விதை போட்டா இருபதுதான் முளைக்குது. நீங்க போட்டா நூத்துக்கு நூறு. உங்க நாத்தங்காலைத் தாண்டிப் போகும்போதெல்லாம் எனக்கு எப்படி இருக்கும் தெரியுமா? என் இடத்துல நான் ஒண்ணும் பண்ணாம விட்டது பெரிய ஞானத்தால இல்லைக்கா. எதைத் தொட்டாலும் கெட்டுப் போகுதேங்கற பயத்துல."

பெரியவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கப் பார்த்தாள், முடியவில்லை. தொட்டிச் சுவரைப் பிடித்துக்கொண்டு கண்ணில் நீர் வரச் சிரித்தாள். மாதக்கணக்காகத் தொண்டையில் நின்ற முள் அந்தச் சிரிப்பில் கொஞ்சம் நகர்ந்தது. முழுக்க இறங்கிவிட்டது என்று சொன்னால் அது பொய்.

அதன்பின் நடந்தது ஒன்றும் லேசாக இல்லை. மேனேஜர் அவளுக்கு ஒரு கண்டிப்புக் கடிதம் கொடுத்தார். தோட்டத் தலைமை போகவில்லை, ஆனால் அந்த வருஷம் வந்த விருந்தாளிகளை அவர் தோட்டத்துக்குக் கூட்டி வரவில்லை. தைலத்துக்கு விதை வெளியிலிருந்து வந்தது. அடுத்த விதைப்புக்கு அந்த இரண்டு வரிசை விதையை மட்டுமே எடுத்தார்கள். மதிலுக்கு அப்பால் களைக்கொல்லி பட்ட மண்ணில் ஒரு மழைக்காலம் முழுக்கப் புல்கூட ஒழுங்காக வரவில்லை.

இப்போது வேலை இரண்டாகப் பிரிந்தது. முளைக்க வைப்பது பெரியவள். ஓடைக்கு மேலே போய்க் காட்டுச் செடிகளின் விதையைப் பொறுக்கி வந்து, தன் நாற்றங்காலில் தொட்டியில் முளைக்க வைத்து, மதிலுக்கு அப்பால் கொண்டு போய்க் கொடுத்தாள். களையென்று பதினான்கு வருஷம் பிடுங்கி எறிந்த செடிகளுக்கு அவளே தாதியானாள். எங்கே நடுவது, எங்கே சும்மா விடுவது என்பது சின்னவள் பாடு. மண்ணை இருவரும் சுமந்து பழைய மேட்டளவுக்குக் குவித்தார்கள். மரம் அறுக்கிற பட்டறையிலிருந்து பெரியவளின் புருஷன் வேனில் கட்டைகளை ஏற்றி வந்தான். "செடிக்குப் பண்ணினது போதாதுன்னு இப்ப பூச்சிக்கும் வீடு கட்டறீங்களா?" என்று கேட்டு, இரண்டு பேரிடமும் ஒரே நேரத்தில் வாங்கிக் கட்டிக்கொண்டான்.

சண்டை இல்லாமல் இல்லை. "அந்தப் புதரைக் கொஞ்சம் ஒதுக்கினா என்ன?" என்று பெரியவள் கை பரபரக்கும். "தொடாதீங்கக்கா" என்று சின்னவள் கத்துவாள். மகள் இன்னும் பையை அம்மா காலடியில் போட்டுவிட்டுச் சித்தியிடம்தான் ஓடினாள். அது பெரியவளுக்கு இன்னும் சுருக்கென்றுதான் இருந்தது. பழகிக்கொண்டாள்.

இரண்டாவது வருஷம், கருஞ்சீரகம் மொட்டு விடும் சமயம், பெரியவள் ஒருநாள் காலையில் வழக்கத்துக்கு முன்னால் வந்தாள். கதவைத் திறந்துகொண்டு போய் மேட்டின் முன்னால் குந்தினாள். வெயில் மண்ணில் விழுந்தது. கால்களில் மஞ்சள் தூள் அப்பிய ஒரு சின்னத் தேனீ எங்கிருந்தோ வந்து, மண்ணைச் சுற்றிச் சுற்றிப் பார்த்து, ஒரு துளைக்குள் நுழைந்தது. கொஞ்ச நேரத்தில் தலையை வெளியே நீட்டி, அவளைப் பொருட்படுத்தாமல் பறந்து போயிற்று.

சின்னவள் எட்டரை மணிக்கு வந்தாள். "என்னக்கா, சீக்கிரமே வந்துட்டீங்க போல?"

"ஒண்ணுமில்லைம்மா, சும்மா" என்றாள் பெரியவள்.

மதியச் சாப்பாடு முடிகிற வரைக்கும் அவள் அதை யாரிடமும் சொல்லவில்லை.